பேனாவில் சுற்றிய துண்டு

தேவாலய மண்டபத்தில் தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தார்கள். என் கையில் பாதி கடித்த ரோல்ஸ். யூட் எனக்கு முன்னால் வந்து நின்று, தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தான். அவனுடைய உயரத்துக்கு என்னோடு கதைப்பதென்றால் நிமிர்ந்துதான் ஆக வேண்டும்.

"மச்சான், இப்ப உள்ளுக்க வாசிச்சது உண்மையோ?"

"எது?"

"உனக்கு ரெண்டு பாடம் எண்டு."

"ஓம்."

"ரெண்டே ரெண்டோ?"

"ஓம் எண்டுறன். ஏன்?"

அவன் தேநீர்க் கோப்பையை மேசையில் வைத்தான்.

"அப்ப நீ எப்பிடியடா விளையாடுறாய்?"

அது பாராட்டு என்று நினைத்தேன். "சும்மா, பயிற்சிதான்" என்று அடக்கமாகச் சொன்னேன். இன்றைக்கு நினைத்தாலும் உடம்பு கூசுகிறது.

"அது இல்லையடா விசரா. மூண்டு பாடத்துக்குக் கீழ போனா நீ முழுநேர மாணவன் இல்லை. முழுநேர மாணவன் இல்லாட்டி இந்த லீக்கில விளையாட ஏலாது. உனக்குத் தெரியாதோ?"

ரோல்ஸ் வாயில் இருந்தது. அதை மெல்ல வேண்டும் என்பதே மறந்துபோயிற்று. மண்டபத்தின் மூலையில் சுவர் ஹீட்டர் உறுமிக்கொண்டிருந்தது. 

பேனாக்கள்

அன்றைக்குப் பரீட்சை ஆசீர்வாதம். அது என்னவென்று வெளியிடத்து வாசகர்களுக்குச் சொல்ல வேண்டும்.

ஆக்லாந்தின் மவுண்ட் ரோஸ்கில்லில் மாதம் ஒரு ஞாயிறு பின்னேரம் எங்களுக்குத் தமிழ்ப் பூசை. ஜூன் மாதப் பூசைக்கு மட்டும், பரீட்சை எழுதப்போகிற பிள்ளைகள் ஆளுக்கொரு பேனா கொண்டுவர வேண்டும். ஒரு துண்டுக் கடதாசியில் பெயரை எழுதி, அதைப் பேனாவில் சுற்றி, ரப்பர் வளையம் போட்டுப் பீடத்துக்கு முன்னால் இருக்கும் கூடையில் வைப்போம். ஓர் அக்கா துண்டுகளை ஒவ்வொன்றாகப் பிரித்து வாசிப்பார். பங்குச் சுவாமி தீர்த்தம் தெளிப்பார். பூசை முடிய, ஈரமான பேனாவை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போகலாம்.

மன்னாரில் அம்மாவின் பங்குக் கோயிலிலும் இதே வழக்கம் இருந்ததாம். அங்கே ஒரு வகுப்பில் எல்லோருக்கும் ஒரே அளவு பாடங்கள், ஆகவே துண்டில் பெயர் மட்டும் இருந்தால் போதும். இங்கே ஆளுக்கொரு கணக்கு. அதனால் பங்கில் யாரோ ஒருவர், பெயரோடு பாடங்களின் எண்ணிக்கையையும் எழுத வேண்டும் என்று ஏற்படுத்திவிட்டார். ஆசீர்வாதம் அளவாகக் கிடைக்க வேண்டும் என்று நினைத்தாரோ என்னவோ.

நான் காரின் பின் இருக்கையில் இருந்து அந்தத் துண்டை எழுதினேன். மூன்று என்று எழுதலாமா என்று ஒரு கணம் யோசித்தேன். வீட்டில் எல்லோரும் மூன்று என்றுதான் நினைத்துக்கொண்டிருப்பார்கள் என்பது என் எண்ணம். ஆனால் பீடத்துக்கு முன்னால் வைக்கிற கடதாசியில் பொய் எழுதினால், மிஞ்சியிருக்கிற இரண்டும் போய்விடும் என்று பயமாக இருந்தது. இரண்டு என்றே எழுதினேன்.

"நான்கு பாடங்கள். நான்கு பாடங்கள். மூன்று பாடங்கள்." அக்கா நல்ல குரலில் வாசித்துக்கொண்டே போனார். "டிலக்சன், இரண்டு பாடங்கள்." பிறகு அந்தத் துண்டைத் திருப்பிப் பார்த்தார், பின்பக்கத்தில் மிச்சம் ஏதும் இருக்கிறதா என்று.

மூன்றாவது வரிசையில் யூட் இருந்தான்.

எட்டுக் கல்லூரிகள்

யூடை நான் தேவாலயத்தில் கண்டதைவிடக் கூடைப்பந்துத் தளத்தில் கண்டதுதான் அதிகம். அவன் வேறு கல்லூரி. பிளாட் புஷ்ஷில் வீடு. அவனுடைய தகப்பன் பொறியியலாளர், தாய் யாழ்ப்பாணத்தில் ஆசிரியையாக இருந்தவர். அவனுக்கு முன்னால் அவனுடைய அக்கா இதே நகரத்தில் பட்டம் எடுத்துவிட்டார். எந்தப் படிவத்தில் எந்தப் பெட்டிக்குள் என்ன எழுத வேண்டும் என்று அவனுக்குச் சொல்ல வீட்டில் மூன்று பேர் இருந்தார்கள்.

எங்கள் வீட்டில் படிவம் வந்தால் அது குளிர்சாதனப் பெட்டியின் கதவில் காந்தத்துக்குக் கீழே போகும். நான் வந்து நிரப்பும்வரை அங்கேயே தொங்கும். அப்பாவின் வேலைப் படிவம், அம்மாவின் வைத்தியசாலைப் படிவம், வீட்டு வாடகைப் படிவம் எல்லாம் நான்தான். என் கல்லூரிப் படிவங்களையும் நான்தான் நிரப்பினேன். சரிபார்க்க ஆள் இல்லை.

சரி, பந்துக்கு வருகிறேன்.

ஆக்லாந்திலும் அதைச் சுற்றியும் இருக்கிற கல்லூரிகளுக்கு ஆண்கள் கூடைப்பந்துத் தொடர் ஒன்று உண்டு. வடக்குப் பிரிவு, தெற்குப் பிரிவு என்று இரண்டாகப் பிரித்திருப்பார்கள். எங்கள் தெற்குப் பிரிவில் எட்டுக் கல்லூரிகள். ஒவ்வொன்றும் மற்ற ஏழோடும் இரண்டு தடவை ஆட வேண்டும். மார்ச்சில் தொடங்கி ஜூனில் முடியும். பிரிவில் முதல் இரண்டு இடம் பிடிக்கிறவர்கள் வடக்குப் பிரிவின் முதல் இருவரோடு மோதப் போவார்கள். எங்கள் கல்லூரி அந்த இடத்துக்கு ஒருநாளும் போனதில்லை.

நான் அணிக்குள் வந்தது திறமையால் இல்லை. முதல் வருடம் நூலக வாசலில் நின்றுகொண்டிருந்தேன். ஒருவன் வந்து, "ப்ரோ, நீ என்ன உயரம்?" என்றான். சொன்னேன். "செவ்வாய் நாலு மணிக்கு ஜிம்முக்கு வா" என்றான். அவன்தான் தெவிடா. டொங்கா நாட்டுப் பெற்றோரின் மகன். பிசியோதெரபி படித்துக்கொண்டிருந்தான். பிறகு அவன்தான் எங்கள் கப்டன்.

தமிழ்ப் பெடியன்கள் எல்லாம் கிரிக்கெட் மட்டையோடு போகிற நேரத்தில் நான் மட்டும் பந்தைத் தட்டிக்கொண்டு போனேன். எனக்குச் சப்பாத்து வாங்கப் போனால் அம்மா பெட்டியைப் பார்த்துவிட்டு, "இதென்ன, வள்ளமோ?" என்பார். தளத்தில் என் வேலை எளிமையானது. வளையத்தின் கீழே நிற்க வேண்டும். குறி தவறித் திரும்பி வருகிற பந்தைப் பிடிக்க வேண்டும். பிடித்து ஓடத் தெரிந்த ஒருவனிடம் கொடுக்க வேண்டும். அவ்வளவுதான். அதைச் செய்வதற்காகத்தான் கடவுள் என்னை இவ்வளவு நீளமாகப் படைத்தார் என்று அந்த வருடம் மனதார நம்பினேன்.

அந்தப் பருவம் நாங்கள் வெல்லத் தொடங்கினோம். ஏன் என்று எங்களுக்கே தெரியாது. ஜிம் தரையின் மெழுகு வாசம், தசைவலி எண்ணெயின் எரிவு, ஆட்டம் முடிய வானின் பின்பக்கத்தில் ஒன்றின்மேல் ஒன்றாகச் சாய்ந்து கிடந்த வியர்த்த தோள்கள். பதின்மூன்று ஆட்டங்களில் ஒன்பது வெற்றி. இரண்டாம் இடம். மிச்சம் ஒரேயொரு ஆட்டம், அதுவும் யூடின் கல்லூரியோடு. அவர்கள் எங்களுக்கு ஒரு வெற்றி பின்னால் நின்றார்கள், ஆனால் முதல் சுற்றில் எங்களை வென்றிருந்தார்கள்; வெற்றிகள் சமமானால் தங்களுக்குள் மோதியதில் முன்னால் நின்றவர்களுக்கே இடம். அந்தச் சனிக்கிழமை வெல்கிறவர்கள் மேலே போவார்கள்.

தெவிடாவுக்கு அது கடைசி வருடம். ஐந்து பருவம் ஆடியவன். முதல் மூன்று பருவத்தில் அணி மொத்தமாக வென்ற ஆட்டங்களை அவன் ஒரு கை விரல்களில் எண்ணிக் காட்டுவான். அப்போதும் ஒரு விரல் மிஞ்சும்.

ஒரு நிமிடம்கூட ஆகவில்லை

இனி அந்த மூன்றாவது பாடம்.

இங்கே கல்லூரியில் பாடத்தைப் 'பேப்பர்' என்பார்கள். அந்த அரையாண்டு நான் எடுத்தவை மூன்று பேப்பர்கள். அதில் ஒன்று புள்ளிவிவரவியல். அதன் செய்முறை வகுப்பு செவ்வாய் பின்னேரம் நாலு மணிக்கு. பந்துப் பயிற்சியும் செவ்வாய் பின்னேரம் நாலு மணிக்கு.

முதல் ஐந்து கிழமை இரண்டுக்கும் மாறி மாறிப் போனேன். இரண்டு இடத்திலும் திட்டு. ஈஸ்டருக்குப் பிறகு மாணவர் சேவைக் கருமபீடத்துக்குப் போய், ஒரு பேப்பரை விட்டால் என்ன நடக்கும் என்று கேட்டேன். காதில் ஹெட்செட் போட்டிருந்த பெண் மிகவும் அன்பானவர். "இந்த வெள்ளிக்கிழமைக்குள் விட்டால் உன் பெறுபேற்றில் ஒன்றும் விழாது" என்றார். நான் கேட்டதற்குச் சரியான பதில்தான். நான் பந்தைப் பற்றிக் கேட்கவில்லை. பந்துக்கும் பேப்பருக்கும் தொடர்பு இருக்கும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

கணினித் திரையில் ஒரு பொத்தான். 'நிச்சயமாகவா?' என்று கேட்டது. ஆம் என்று அழுத்தினேன். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. நேரே ஜிம்முக்குப் போனேன். அன்றைக்குப் பந்து என் கைக்குத் தானாக வந்து ஒட்டியது. இரண்டை ஒழுங்காகச் செய்வது மூன்றை அரைகுறையாகச் செய்வதைவிட நேர்மையானது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அந்த வசனம் எனக்கு நன்றாகப் பிடித்திருந்தது. நாட்குறிப்பில்கூட எழுதி வைத்தேன்.

வீட்டில் சொல்லவில்லை. "படிப்பு எப்பிடிப் போகுது?" என்று அப்பா கேட்பார். "ஓகே" என்பேன். அந்த ஒற்றைச் சொல்லில் எத்தனை பேப்பர் அடங்கும் என்று அவர் கேட்டதில்லை.

சுளுக்கு

மண்டபத்துக்குத் திரும்புவோம். யூட் என்னை இழுத்துக்கொண்டு கதிரைகள் அடுக்கியிருந்த பக்கம் போனான்.

"எப்ப விட்டனி?"

"ஈஸ்டருக்குப் பிறகு."

"அதுக்குப் பிறகு எத்தினை மட்ச்?"

எண்ணினேன். "ஆறு."

"எத்தினை வெண்டனீங்கள்?"

"அஞ்சு."

அவன் கண்ணை மூடித் திறந்தான். "அஞ்சும் போகும்."

"ஆருக்கும் தெரியாதுதானே?"

"லீக் தொடக்கத்தில ஒருக்காத்தான் பாப்பாங்கள். பிறகு ஆரும் சொன்னாத்தான் திரும்பப் பாப்பாங்கள்." கொஞ்சம் நிறுத்தினான். "நான் சொல்லமாட்டன். கோயில்ல கேட்டதை வெளியில கொண்டுபோக மாட்டன். ஆனா சனிக்கிழமை நீ எனக்கு முன்னால வந்து நிக்காத. கால் சுளுக்கெண்டு சொல்லிப்போட்டு இரு. மிச்சம் ஒருத்தருக்கும் தெரியவராது."

அவனுடைய அணியும் அந்த இடத்துக்குத்தான் நின்றது. ஒரு மின்னஞ்சல் அனுப்பினால் போதும், ஆடாமலே மேலே போயிருப்பான். அது எனக்கு அப்போது உறைக்கவில்லை. என் தலைக்குள் ஐந்து என்ற எண் மட்டும் அடித்துக்கொண்டிருந்தது.

"கடவுள் இந்த உயரத்தை எனக்குத் தந்திருக்கலாம்" என்றான் யூட், போகும்போது. "நான் நாலு பாடமும் எடுத்து விளையாடியும் இருப்பன்."

அந்த நேரம் தேநீர் மேசையருகே அப்பாவின் குரல் கேட்டது. யாருக்கோ என்னைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார்: "மற்றப் பிள்ளையளுக்கு நாலாம். எங்கட தம்பிக்கு ரெண்டு. ரெண்டும் பாரமான பாடம் போல கிடக்கு."

வலிக்காத இடம்

செவ்வாய்க்கிழமை நான் உண்மையிலேயே நொண்டிக்கொண்டு ஜிம்முக்குப் போனேன். பஸ் தரிப்பிடத்திலிருந்தே நொண்டினேன், யாராவது ஜன்னலால் பார்த்தால் என்று. எந்தக் கால் என்பதை வாசலில் ஒருதடவை மறந்து மாற்றிக்கொண்டேன்.

தெவிடா ஆங்கிலத்தில் கதைத்ததை இங்கே தமிழில் தருகிறேன். அவனுடைய நிதானத்தைத் தர முடியுமா தெரியவில்லை.

என்னை வாங்குப் பலகையில் இருத்தினான். சப்பாத்தைக் கழற்றினான். என் ஈரக் காலுறையைத் தன் கையாலேயே உருவினான். காலைத் தன் மடியில் வைத்துக்கொண்டு பெருவிரலால் மெதுவாக அழுத்தினான்.

"இங்கே?"

"ஓம்."

"இங்கே?"

"ஓம், நல்லா."

"இங்கே?"

"ஐயோ."

அவன் என் முகத்தைப் பார்த்தான். "இங்கே வலிக்க முடியாது, ப்ரோ. இது வெறும் எலும்பு." பிறகு சிரித்தான். "சரி, பயந்துவிட்டாய். சனிக்கிழமையை நினைத்தால் எனக்கும் பயம்தான். ஐஸ் கொண்டு வருகிறேன், சும்மா வைத்துக்கொள்."

ஐஸ் பையோடு வந்தான். துவாயில் சுற்றி, வலிக்காத என் காலில் கட்டினான். குளிர் தாங்கக்கூடியதாக இருக்கிறதா என்று கேட்டான்.

அப்போதுதான் சொன்னேன். பேப்பர், பொத்தான், ஈஸ்டர், ஆறு ஆட்டம். தெவிடா முதலில் சிரித்தான். பகிடி என்று நினைத்திருக்க வேண்டும். பிறகு அவன் முகம் அசையவில்லை. பக்கத்தில் பந்துகள் தரையில் மோதும் சத்தம். யாரோ பாட்டுப் போட்டிருந்தார்கள்.

"உனக்குத் தெரியாதா?"

"தெரியாது."

"பதிவுப் படிவத்தின் முதல் பக்கத்திலேயே இருக்கிறதே."

"நான் படிவம் எழுதின நாள் எனக்கு மூன்று பேப்பர் இருந்தது. பிறகு அதைத் திருப்பி எடுத்துப் பார்க்க வேண்டும் என்று நினைக்கவில்லை."

அவன் தன் கைகளைப் பார்த்தான். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் நடுவர் மேசையில் ஒரு தாள் வைப்பார்கள். அதில் உள்ள பெயர்கள் எல்லாம் தகுதியானவை என்று கப்டன் கையெழுத்துப் போட வேண்டும். நான் அந்த மேசையைக் கடந்து எத்தனையோ தடவை போயிருக்கிறேன். அவன் எதில் கையெழுத்துப் போடுகிறான் என்று ஒருதடவைகூடப் பார்த்ததில்லை.

"ஆறு தாள்" என்றான். "ஆறிலும் நான்தான்."

எனக்கு அதுவரை இருந்த அதிர்ச்சி வேறு. இது வேறு. நான் எனக்காக மட்டும் ஒரு பொத்தானை அழுத்தினேன் என்று நினைத்திருந்தேன். அவனுடைய பெயரையும் சேர்த்து அழுத்தியிருக்கிறேன்.

"நான் சுளுக்கு என்றே இருக்கட்டுமா?" என்று கேட்டேன். வெட்கத்தோடு எழுதுகிறேன், கேட்டேன். "யூட் சொல்லமாட்டான்."

தெவிடா என் காலில் கட்டியிருந்த ஐஸ் பையைப் பார்த்தான். ஐந்து வருடம் அவன் முகத்தில் ஓடியதை நான் பார்த்தேன். அவன் ஆம் என்று சொல்லியிருந்தால் நான் சனிக்கிழமை முழுக்க நொண்டியிருப்பேன்.

"எழும்பு. கோச்சிடம் போவோம்" என்றான். பிறகு, "ஐஸைக் கழற்று" என்றான்.

கோச் கோபக்காரர். பந்தைச் சுவரில் அடிப்பார், ஏதோ உடையும் என்று எதிர்பார்த்தேன். அவர் தன் கைத்தொலைபேசியை எடுத்து, நின்ற இடத்திலேயே லீக்குக்கு மின்னஞ்சல் எழுதத் தொடங்கினார். இடையில் ஒருதடவை மட்டும் நிமிர்ந்து, என் குடும்பப் பெயரின் எழுத்துகளைக் கேட்டார். அது பதினைந்து எழுத்து. ஒவ்வொன்றாகச் சொன்னேன். அவர் ஒவ்வொன்றாக அழுத்தினார்.

ஏழாவது இடம்

வியாழக்கிழமை மத்தியானம் முடிவு வந்தது. ஐந்து வெற்றிகளும் எதிரணிகளுக்குப் போயின. தெவிடாவுக்கு எழுத்தில் ஓர் எச்சரிக்கை. எனக்குப் பருவம் முழுவதும் தடை. நாங்கள் இரண்டாம் இடத்திலிருந்து ஏழாம் இடத்துக்கு இறங்கினோம்.

உடைமாற்றும் அறையில் கோச் இதை வாசித்தபோது யாரும் கத்தவில்லை. கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். ஒருவன், அவன் பெயர் வேண்டாம், தன் பையின் சிப்பைத் திறந்து மூடித் திறந்து மூடிக்கொண்டிருந்தான். இன்னொருவன் என்னிடம், "இதை யாரிடமாவது கேட்டிருக்கலாமே, ப்ரோ" என்றான். திட்டவில்லை, உண்மையாகவே விளங்காமல் கேட்டான். அந்த அறையில் எல்லோருக்கும் அந்த விதி தெரிந்திருந்தது. எப்படித் தெரியும் என்று கேட்டால் அவர்களுக்கே சொல்ல வராது. வீட்டில் யாரோ, எப்போதோ, சாப்பாட்டு மேசையில் சொல்லியிருப்பார்கள். எனக்கும் தெரிந்திருக்கும் என்று அவர்கள் நினைத்ததில் பிழை இல்லை.

யூடின் அணி இப்போது இரண்டாம் இடம். ஆனால் எங்களிடமிருந்து பறித்த ஒரு வெற்றி இன்னொரு கல்லூரியை அவர்களுக்குச் சமமாகத் தூக்கிவிட்டிருந்தது. அந்தக் கல்லூரி தன் ஆட்டங்களையெல்லாம் முடித்துவிட்டது. யூட் ஆட்கள் எங்களை வென்றால் மேலே போவார்கள். தோற்றால், தங்களுக்குள் மோதியதில் முன்னால் நின்ற அந்தக் கல்லூரி போகும். எங்களுக்கு அந்த ஆட்டத்தில் கிடைக்கவும் இழக்கவும் ஒன்றுமில்லை.

அப்பா மவுண்ட் வெல்லிங்டனில் ஒரு களஞ்சியத்தில் போர்க்லிஃப்ட் ஓட்டுகிறார். சனிக்கிழமை ஆட்டத்துக்கு வருவதற்காக இரண்டு கிழமைக்கு முன்னரே லீவு சொல்லி வைத்திருந்தார். என் ஆட்டம் ஒன்றுக்கும் அவர் அதற்கு முன் வந்ததில்லை.

"சனிக்கிழமை வர வேண்டாம், அப்பா" என்றேன்.

"ஏன், லீவு எடுத்திட்டன்."

"குளிரும்."

"உள்ளுக்கதானே விளையாடுறியள்?"



நான் இல்லாத ஆட்டம்

ஜீன்ஸும் ஜாக்கெட்டுமாக அணியின் வாங்கில் கடைசியில் இருந்தேன். அப்பா எதிர்ப்பக்கப் படிகளில், பூசைக்குப் போடுகிற மேற்சட்டையோடு, மடியில் ஒரு சாப்பாட்டுப் பையோடு இருந்தார். அவருக்குப் பக்கத்தில் யூடின் தகப்பன். அப்பா எனக்குக் கை காட்டினார். பிறகு என் ஜீன்ஸைச் சுட்டிக்காட்டி, என்ன என்று கையை விரித்தார். நான் தளத்தைப் பார்க்கிற மாதிரித் திரும்பிக்கொண்டேன்.

ஆட்டம் தொடங்கியது. என் இடத்தில் ஒரு முதல் வருட மாணவன், என்னைவிட ஒரு தலை குட்டை. திரும்பி வருகிற பந்தை அவனால் பிடிக்க முடியாது என்று எனக்கு நிச்சயம். அவன் பிடிக்கவும் இல்லை. தட்டிவிட்டான். தட்டிய பந்தைத் தெவிடா எடுத்தான். அடுத்த தடவை வேறொருவன். வளையத்தின் கீழே நின்று காத்திருக்க ஆள் இல்லாததால் எல்லோரும் ஓடினார்கள். பதின்மூன்று ஆட்டத்தில் நான் ஒருநாளும் காணாத வேகத்தில் எங்கள் அணி ஓடிக்கொண்டிருந்தது.

முதல் பாதியில் ஒன்பது புள்ளி முன்னால். கோச் என்னைப் பார்க்கவில்லை. நான் எல்லோரையும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இந்த அணிக்கு நான் தேவை என்று நம்பித்தான் செவ்வாய் நாலு மணியை விட்டேன். என் கண் முன்னால் அது பொய்யாகிக்கொண்டிருந்தது. ஒவ்வொரு பந்துக்கும் நான் எழுந்து கைதட்டினேன். 

மூன்றாம் காற்பகுதியில் எதிர்ப்பக்கம் பார்த்தேன். யூடின் தகப்பன் அப்பாவின் காதுப்பக்கம் குனிந்து ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். லீக்கின் முடிவு எல்லோருக்கும் தெரிந்த விஷயம்தானே, அப்பாவுக்கும் தெரியும் என்று அவர் நினைத்திருப்பார். ஆறுதல்தான் சொல்லியிருப்பார். அப்பா தலையாட்டிக்கொண்டே கேட்டார். பிறகு தலையாட்டுவதை நிறுத்தினார். சாப்பாட்டுப் பையை மடியிலிருந்து எடுத்துக் காலடியில் வைத்தார். இரண்டு கையையும் முழங்காலில் வைத்துக்கொண்டு, கடைசி மணி வரை தளத்தைப் பார்த்தபடி இருந்தார்.

பதினாறு புள்ளி வித்தியாசத்தில் வென்றோம். ஏழாம் இடத்திலேயே நின்றோம். யூட் ஆட்கள் வெளியே. ஆடாத மூன்றாவது கல்லூரி உள்ளே.

யூட் வியர்வை சொட்டச் சொட்ட என் முன்னால் வந்து நின்றான். வழமைபோல நிமிர்ந்து பார்த்தான்.

"நல்லா இருக்கிறியோ?"

"மச்சான், நான்..."

"விடு. நீ உள்ளுக்க நிண்டிருந்தா நாங்கள் வெண்டிருப்பம்" என்றான். அரைவாசிப் பகிடி. மற்ற அரைவாசி என்ன என்று இருவருக்கும் தெரியும்.

தெவிடா நடு வட்டத்தில் தனியாக முழந்தாளில் இருந்தான். அழுகிறானா, செபிக்கிறானா, மூச்சு வாங்குகிறானா, கிட்டப்போகாமல் சொல்ல முடியாது. நான் கிட்டப்போகவில்லை.

போனது அப்பா. படிகளிலிருந்து இறங்கி, மினுங்குகிற தரையில் வெளிச் சப்பாத்தோடு நடக்கலாமா என்று ஒரு கணம் தயங்கினார். சப்பாத்தைக் கழற்றினார். காலுறையோடு நடுவட்டம் வரை நடந்து போய்த் தெவிடாவிடம் கையை நீட்டினார்.

"ஸொறி, கப்டன்" என்றார். "மை சன்."

தெவிடா எழும்பினான். அப்பாவின் கையை இரண்டு கையாலும் பிடித்தான். "அவன் தானாக வந்து சொன்னான், சேர்" என்றான் மெதுவான ஆங்கிலத்தில். அப்பாவுக்கு அது விளங்கியது. விளங்கியும் அவர் முகம் மாறவில்லை.

கார்

வெளியே நல்ல மழை. காருக்குள் ஏறி இருந்தோம். அப்பா இக்னிஷனில் திறப்பைப் போட்டார், திருப்பவில்லை. எங்கள் மூச்சில் கண்ணாடி புகார் படியத் தொடங்கியது.

பந்தைப் பற்றிக் கேட்பார் என்று காத்திருந்தேன். வெற்றி பறிபோனதைப் பற்றி, தடையைப் பற்றி, சபைக்கு முன்னால் தான் 'பாரமான பாடம்' என்று பெருமையடித்ததைப் பற்றி. எல்லாவற்றுக்கும் பதில் தயாராக வைத்திருந்தேன். நேர்மை பற்றிய என் வசனம்கூட இருந்தது.

"மூண்டு எடுத்தனியோ முதல்ல?"

"ஓம், அப்பா."

"ஒண்டை விட்டிட்டாய்."

"ஓம்."

மழை கூரையில் விழுந்துகொண்டிருந்தது.

"நான் ஏழாம் வகுப்போட விட்டனான்" என்றார். அதை எனக்கு அவர் சொல்வது அதுதான் முதல் தடவை. பத்து வரை என்று நினைத்திருந்தேன். "ஷெல் அடிச்சாங்கள். பள்ளிக்கூடம் இல்லாமப் போச்சு. அதால விட்டனான்." என்னைத் திரும்பிப் பார்த்தார். கோபம் இல்லை. உடைமாற்றும் அறையில் என் நண்பன் கேட்டது மாதிரியே, விளங்காமல்தான் கேட்டார். "நீ ஏன் விட்டனி?"

நேர்மை பற்றிய வசனத்தைத் தேடினேன். 

"பிரக்டிஸ் இருந்தது, அப்பா" என்றேன்.

சொன்ன பிறகுதான் அதை நானும் கேட்டேன்.

 அப்பா முன்பக்கம் திரும்பி, கைக்குட்டையால் கண்ணாடியில் ஒரு சின்ன வட்டம் துடைத்து, திறப்பைத் திருப்பினார்.

"பெல்ட்டைப் போடு" என்றார்.